வீட்டுக்கு வீடு வாசப்படி என்றதும் மனசு ஏன் லேசானது?

உங்கள் கேள்வியை இரண்டு தடவை படித்தேன். அப்பா தவறி ஐந்து மாதம் ஆகிறது. சுடுகாட்டிலும் அழுகை வரவில்லை, அடுத்து வந்த நாட்களிலும் வரவில்லை. பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்த தூரத்துச் சொந்தத்து ஆச்சி ஒருவர் உங்கள் கையைப் பிடித்து, "வீட்டுக்கு வீடு வாசப்படிதாம்யா" என்று மட்டும் சொன்னார், அன்றைக்கு ராத்திரிதான் முதல்முதலாக அழுதீர்கள். அதிலிருந்து இப்படிப்பட்ட வரிகளைத் தேடித் தேடி போனில் சேர்க்கிறீர்கள், தூக்கம் வராதபோது எடுத்து வாசிக்கிறீர்கள். பெங்களூரில் கூட வேலை பார்க்கும் நண்பர், "இதெல்லாம் ஜோசியம் மாதிரி, யாருக்கு வேணும்னாலும் பொருந்துற மாதிரி எழுதுனது, ஏமாறாதே" என்கிறார். பழமொழி ஆறுதல் தருமா என்பது நீங்கள் எழுதியிருக்கும் கேள்வி. எனக்குப் படுவது, நீங்கள் கேட்க நினைத்தது இன்னும் கொஞ்சம் உள்ளே இருக்கிறது: ஊரெல்லாம் சொல்லிச் சொல்லித் தேய்ந்த ஒரு வரி எனக்காகவே சொன்னதுபோல் எப்படி இறங்கியது, அது நிஜ ஆறுதலா, நானே என்னை ஏமாற்றிக்கொள்கிறேனா? அப்புறம் கடைசியில் அடைப்புக்குறிக்குள் ஒன்று போட்டிருந்தீர்கள், "நேத்து ஆபீசில் ஒரு ஜோக்குக்கு வாய்விட்டுச் சிரித்துவிட்டேன், நான் என்ன மனுஷன்" என்று. அதையும் கேள்வியாகத்தான் எடுத்துக்கொள்கிறேன், பின்னால் வருகிறேன்.

என்னைப் பற்றி ஒரு வரி சொல்லிவிடுகிறேன். 31 வருஷம் கல்லூரியில் தமிழ் நடத்தினேன், அதில் பாதி நாட்டுப்புறவியல். கோவில்பட்டி, விளாத்திகுளம், சங்கரன்கோவில் பக்கம் மாணவர்களைக் கூட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போய்ப் பழமொழியும் விடுகதையும் ஒப்பாரியும் சேர்த்த ஆள். மனநல மருத்துவம் படித்தவன் இல்லை. ஒரு சொல் மக்கள் வாயில் எப்படிப் புழங்குகிறது என்பதைப் பற்றி நான் சொல்வதை நீங்கள் நம்பலாம். மூளைக்குள் என்ன நடக்கிறது என்று சொல்லும் இடங்களில் மட்டும், படித்ததைச் சொல்லும் ஒரு வாத்தியார் பேசுகிறார் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் உங்கள் நண்பரின் ஜோசிய வாதம். அவர் ஒன்றும் அறியாமல் பேசவில்லை, அதற்குப் பின்னால் ஒரு பிரபலமான சோதனையே இருக்கிறது. பெர்ட்ராம் ஃபோரர் என்ற அமெரிக்க உளவியலாளர் தன் வகுப்பில் 39 மாணவர்களுக்கு ஒரு குணநலத் தேர்வு வைத்துவிட்டு, ஒவ்வொருவருக்கும் "இது உன்னைப் பற்றிய கணிப்பு" என்று ஒரு தாளைக் கொடுத்தார். 5க்கு எவ்வளவு பொருந்துகிறது என்று மதிப்பெண் போடச் சொன்னார், சராசரி 4.26 வந்தது. எல்லார் கையிலும் இருந்தது ஒரே தாள், பெரும்பாலும் ஒரு ஜோசியப் புத்தகத்திலிருந்து எடுத்த வரிகள். 1949இல் இதை வெளியிட்டார். சரி, நண்பர் சொல்வது இதைத்தான் என்று வைத்துக்கொள்வோம். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். அந்த வகுப்பில் ஒரு பையன் பக்கத்துப் பையனின் தாளை எட்டிப் பார்த்து, "ஏய், எனக்கும் இதேதான்டா எழுதியிருக்கு" என்று சொன்ன நொடியில் அந்த மாயம் உடைந்துவிடும். உனக்கு மட்டும் என்று நினைத்ததால் வந்த மகிழ்ச்சி அது. உங்கள் ஆச்சி சொன்ன வரியில் "வீட்டுக்கு வீடு" என்று முதலிலேயே போட்டு உடைத்திருக்கிறது. பக்கத்து வீட்டுத் தாளிலும் இதேதான் என்பதுதான் அதன் செய்தி. எட்டிப் பார்க்கப் பார்க்க ஆறுதல் கூடுமே தவிர குறையாது. ஜோசியக்காரர் எல்லாருக்கும் சொல்வதை உங்களுக்கு மட்டும் என்று விற்கிறார், ஆச்சி எல்லாருக்கும் உள்ளதை எல்லாருக்கும் உள்ளது என்றே கொடுத்தார். இதில் ஏமாறுவதற்கு என்ன இருக்கிறது? இதை அப்படியே நண்பரிடம் சொல்லுங்கள், சண்டைக்கு வந்தால் என்னிடம் அனுப்புங்கள்.

அப்படியானால் 'எனக்காகவே சொன்னதுபோல்' என்று தோன்றியது எதனால்? அந்த வரி உங்களிடம் வந்து சேர்ந்த விதத்தால் என்பது என் எண்ணம். தொல்காப்பியத்தில் செய்யுளியலில் முதுமொழிக்கு, அதாவது பழமொழிக்கு, ஓர் இலக்கணம் உண்டு. நுண்மை, சுருக்கம், ஒளி, எளிமை என்று அதன் குணங்களை அடுக்கிவிட்டு, "குறித்த பொருளை முடித்தற்கு வரூஉம் ஏது நுதலிய முதுமொழி" என்று முடிக்கும், சொல்லவந்த பொருளை முடித்துவைக்கக் காரணம் காட்டி வருவது என்று. குணங்களைத்தான் எல்லாரும் மேற்கோள் காட்டுவார்கள், தேர்வுக்கும் அதுதான் வரும். எனக்கு அந்த "முடித்தற்கு வரூஉம்" என்பதில்தான் கண் நிற்கும். பழமொழி தானாக எழுந்து நிற்கிற சாதி கிடையாது, ஏற்கெனவே நடந்துகொண்டிருக்கும் ஒரு பேச்சை முடித்துவைக்க வருகிறது. பேச்சு என்றால் வாயால் பேசியதாகத்தான் இருக்க வேண்டும் என்று இல்லை. பதினாறு நாள் நீங்கள் பந்தலில் உட்கார்ந்து, வந்தவர்களுக்குத் தண்ணீர் கொடுத்து, இறப்புச் சான்றிதழுக்கு அலைந்து, யாரிடமும் எதுவும் சொல்லாமல் உள்ளுக்குள்ளேயே ஓட்டிக்கொண்டிருந்த ஒரு பேச்சு இருந்திருக்கும், ஏன் எனக்கு, ஏன் இப்போது, என்று. அதற்கு ஒரு முற்றுப்புள்ளி வந்து விழுந்தது. ஒரு பேச்சு முடிந்தால்தானே அடுத்தது தொடங்கும், உங்களுக்கு அழுகை தொடங்கியது.

எங்கள் பக்கம் சாவு வீட்டைத் துட்டி வீடு என்போம், போய்ப் பார்ப்பதைத் துட்டி கேட்பது என்போம். கவனியுங்கள், சொல்வது என்று இல்லை, கேட்பது. துட்டி வீட்டிலிருந்து கிளம்பும்போது "போய்ட்டு வாரேன்" என்று சொல்லக்கூடாது, சும்மா எழுந்து போய்விட வேண்டும். இப்படி வாயைக் கட்டிப்போட்ட இடத்தில் ஒருத்தர் தப்பாகப் பேசாமல் இருப்பதற்கு ஊர் சில வரிகளைத் தயாராக வைத்திருக்கிறது. சொந்தமாக ஒரு வாக்கியம் செய்ய வேண்டிய கஷ்டம் சொல்பவருக்கு இல்லை, அதற்குப் பதில் சொல்ல வேண்டிய கஷ்டம் கேட்பவருக்கும் இல்லை. "அப்பா எப்படி இறந்தார், எந்த ஆஸ்பத்திரி, முன்னாடியே பார்த்திருக்கலாமே" என்று கேட்டவர்களுக்கெல்லாம் நீங்கள் விளக்கம் சொல்லிக்கொண்டிருந்திருப்பீர்கள். ஆச்சிக்கு விளக்கம் வேண்டியிருக்கவில்லை.

இங்கே என் தப்பு ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். ஆரம்ப வருஷங்களில் நாங்கள் பழமொழி சேகரித்த விதம் படு மோசம். ஒரு பாட்டியை உட்காரவைத்து "ஆத்தா, பழமொழி சொல்லுங்க" என்போம். அவர் முழிப்பார், நாலைந்து சொல்வார், அப்புறம் "ஞாபகம் வரலயேப்பா" என்று காலை நீட்டிவிடுவார். நோட்டை மூடி வைத்துவிட்டு டீ குடிக்க உட்கார்ந்தால், மருமகளோடு பேசும் பேச்சில் கால் மணி நேரத்தில் பத்துப் பழமொழி வந்து விழும். நாங்கள் மட்டும் இல்லை, பெரிய தொகுப்பாளர்களுக்கும் இந்தச் சிக்கல் இருந்தது. யாழ்ப்பாணத்திலும் சென்னையிலும் இருந்த பாதிரியார் பீட்டர் பெர்சிவல் 6,000க்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகளைத் திரட்டினார், டென்மார்க்கிலிருந்து வந்த ஜென்சன் 1897இல் பொருள்வாரியாகப் பிரித்து ஒரு தொகுதி போட்டார். இரண்டும் அரிய வேலை, நானே அவற்றை வைத்துத்தான் பாடம் நடத்தினேன். ஆனால் அகரவரிசையில் நிற்கும் ஒரு பழமொழிக்கு, யார், யாரிடம், எந்த நேரத்தில், எந்தக் குரலில் சொன்னார் என்பது கூடவே வராது. "உப்பின் அருமை உப்பில்லாவிட்டால் தெரியும், அப்பன் அருமை அப்பன் இல்லாவிட்டால் தெரியும்" என்பது உங்கள் போனில் கட்டாயம் இருக்கும் என்று நினைக்கிறேன். அப்பா உயிரோடு இருக்கும் பையனுக்கு அது வசவு. போன மாதம் அப்பாவைக் கொடுத்தவனிடம் வேறொருவர் சொன்னால் குத்தல். அவனே தனியாக உட்கார்ந்து தனக்குச் சொல்லிக்கொண்டால் அது கிட்டத்தட்ட அழுகை. எழுத்து மாறவில்லை, ஆள்தான் மாறினார். சூரிய உதயப் படத்தில் மஞ்சள் எழுத்தில் போட்டுக் காலையில் வாட்ஸாப்பில் வரும் அதே வரி உங்களை ஒன்றும் செய்யாமல் போவதற்கும் இதுதான் காரணம். அது எந்தப் பேச்சையும் முடித்துவைக்க வரவில்லை, யாரோ அனுப்பியதை யாரோ தள்ளிவிட்டது.

இந்த 'வீட்டுக்கு வீடு' என்பது ரொம்பப் பழைய நினைப்பு. புறநானூற்றில் 194ஆம் பாட்டு, பக்குடுக்கை நன்கணியார் பாடியது. ஒரு வீட்டில் சாவுப்பறை, இன்னொரு வீட்டில் கல்யாண முழவு. சேர்ந்திருக்கும் பெண்கள் பூச்சூடுகிறார்கள், பிரிந்தவர்கள் கண்ணில் நீர் வழிகிறது. "ஓரில் நெய்தல் கறங்க" என்று ஆரம்பித்து இரண்டு வீட்டையும் ஒரே மூச்சில் காட்டிவிட்டு, இப்படி ஓர் உலகத்தைப் படைத்தவனைப் "பண்பிலாளன்" என்று திட்டுகிறார். எனக்கு இந்தப் பாட்டில் பிடித்த இடமே அதுதான். எல்லாம் நன்மைக்கே என்று அவர் ஆரம்பிக்கவில்லை, இது கெட்ட உலகம்தான், "இன்னாது அம்ம இவ்வுலகம்" என்று ஒத்துக்கொண்டுவிட்டு, அதற்குப் பிறகுதான் இதன் இயல்பு தெரிந்தவர்கள் இனியதைத் தேடிப் பார்த்துக்கொள்ளுங்கள் என்கிறார். 1894இல் உ.வே.சா. அச்சில் கொண்டுவரும் வரை ஏட்டுக்குள் கிடந்த பாட்டு இது. உங்கள் ஆச்சி இதைப் படித்திருக்க வாய்ப்பில்லை, அவருடைய ஆச்சியும் படித்திருக்க மாட்டார். பாட்டிலிருந்து பழமொழி வந்ததென்று நான் சொல்ல வரவில்லை, அப்படிச் சொன்னால் சக ஆசிரியர்கள் கல்லெறிவார்கள். இருவரும் ஒரே தெருவைப் பார்த்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

இப்போது ஆய்வுக்கூடத்துப் பக்கம். இங்கே கொஞ்சம் நிதானமாக வருகிறேன், ஏனென்றால் இதைப் பற்றி ஆளாளுக்கு அளந்துவிடுகிறார்கள். உணர்ச்சிக்குப் பெயர் வைத்தால் அதன் வேகம் தணியும் என்பதற்குச் சான்று இருக்கிறது. மேத்யூ லீபர்மன் குழுவினர் 2007இல் வெளியிட்ட ஆய்வில், கோபமோ பயமோ தெரியும் முகப் படங்களைப் பார்த்து அந்த உணர்ச்சியின் பெயரைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கு மூளையில் அமிக்டலா என்ற பகுதியின் துடிப்பு குறைந்தது. பழமொழி என்பது உங்கள் உணர்ச்சிக்கு ஊர் ஏற்கெனவே வைத்த பெயர், ஆகவே அதுவும் இப்படி வேலை செய்யலாம் என்று நினைப்பது நியாயம். ஆனால் அவர்கள் பார்த்தது படத்திலிருந்த அந்நியர் முகம், அப்பாவைப் பறிகொடுத்த பிள்ளையின் ஐந்தாவது மாதத்தை யாரும் ஸ்கேனில் போட்டு இதை அளக்கவில்லை. இரண்டுக்கும் நடுவே தூரம் இருக்கிறது. அதேபோல் கிறிஸ்டின் நெஃப் என்ற உளவியலாளர் 2003இல் தன்பரிவு, அதாவது தன்னிடமே இரக்கம் காட்டுவது, என்ற கருத்தை முன்வைத்தபோது அதன் மூன்று கூறுகளில் ஒன்றாக வைத்தது, என் துன்பம் எனக்கு மட்டும் நேர்ந்த விபத்து கிடையாது, மனிதராகப் பிறந்தவர் எல்லாருக்கும் உள்ள பங்கு என்று உணர்வதை. ஆச்சி மூன்று சொல்லில் சொன்னதை அவர்கள் வினாத்தாள் போட்டு அளந்தார்கள் என்று நான் வகுப்பில் கிண்டலாகச் சொல்வதுண்டு. வினாத்தாளில் இந்த உணர்வு அதிகம் உள்ளவர்களுக்குப் பதற்றமும் சோர்வும் குறைவாக இருக்கிறது என்பது பல ஆய்வுகளில் வந்திருக்கிறது. இது அதற்குக் காரணமா, அது இதற்குக் காரணமா என்பது வினாத்தாளிலிருந்து மட்டும் தெரியாது.

உங்கள் நண்பர் பக்கம் ஒரு புள்ளி போட வேண்டிய இடமும் உண்டு. 2000ஆம் ஆண்டில் மக்ளோன் என்பவரும் இன்னொருவரும் செய்த ஆய்வில், இயைபோடு வரும் பழமொழியையும் அதே பொருளை இயைபில்லாமல் மாற்றி எழுதியதையும் ஆட்களிடம் கொடுத்தார்கள். ஓசை நயம் உள்ளதையே உண்மை அதிகம் உள்ளதாக மக்கள் மதிப்பிட்டார்கள். ஓசையை ஒதுக்கிவிட்டுப் பொருளை மட்டும் பாருங்கள் என்று எச்சரித்ததும் அந்த வித்தியாசம் குறைந்துபோனது. தமிழில் எதுகை மோனை இல்லாத பழமொழியைத் தேடத்தான் வேண்டும், "வீட்டுக்கு வீடு வாசப்படி" என்பதிலேயே வகர மோனை எப்படி விழுகிறது பாருங்கள். ஆகவே ஒரு வரி காதுக்கு இனிமையாக இருப்பதையும் அது உண்மையாக இருப்பதையும் மனசு குழப்பிக்கொள்ளும். பழமொழிகளைச் சட்டமாக எடுத்துக்கொள்ள முடியாததற்கு இது ஒரு காரணம். "பதறாத காரியம் சிதறாது" என்பதும் நம்முடையதுதான், "காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்" என்பதும் நம்முடையதுதான், பொறு என்கிறார்களா ஓடு என்கிறார்களா?

சில வரிகள் ஏன் எரிச்சல் மூட்டுகின்றன என்றும் கேட்டிருந்தீர்கள், "காலம் எல்லாத்தையும் ஆத்திடும்" என்று மேனேஜர் சொன்னபோது அவர் மேல் கோபம் வந்ததாக. வரத்தான் செய்யும். அது நாளையைப் பற்றிய வாக்குறுதி, கொடுக்கிறவர் கையில் இல்லாத சரக்கு. அதோடு "சீக்கிரம் சரியாகிவிடு" என்ற அவசரமும் அதில் ஒளிந்திருக்கிறது. வாசப்படி அப்படி எதையும் கேட்கவில்லை, சரியாகிவிடும் என்றும் சொல்லவில்லை. திருக்குறளுக்கும் இந்த அநியாயம் நடக்கிறது. "இடுக்கண் வருங்கால் நகுக" என்பதை எடுத்துத் துக்கத்தில் இருப்பவர் முகத்தில் வீசுவார்கள், வள்ளுவரே சிரிக்கச் சொல்லிவிட்டார் என்று. அந்த 621ஆம் குறள் இருக்கும் இடத்தைப் பாருங்கள்: ஊக்கமுடைமை, மடியின்மை, ஆள்வினையுடைமை என்று வரிசையாக வந்து, 63ஆம் அதிகாரமாக இடுக்கண் அழியாமை, எல்லாம் பொருட்பாலில். ஒரு காரியத்தைக் கையில் எடுத்தவன் நடுவில் தடை வந்தால் மனம் ஒடியக்கூடாது என்பது பேச்சு. பரிமேலழகரும் உள்ளே மகிழ்வதாகத்தான் பொருள் எழுதுகிறார். அப்பாவைச் சுடுகாட்டில் விட்டுவந்த கையோடு சிரி என்று வள்ளுவர் யாருக்கும் சொல்லவில்லை.

ஒரு கசப்பான விஷயத்தையும் சொல்லாமல் விட்டால் நான் நேர்மையாகப் பதில் சொன்னதாக ஆகாது. உங்களைத் தாங்கிப் பிடித்த அதே வரி வேறொருவரைக் கீழே தள்ளியிருக்கிறது. ஓர் ஊரில் ஒப்பாரி பதிவுசெய்யப் போயிருந்தபோது ஐம்பது வயதிருக்கும் ஓர் அம்மா, எங்கள் மாணவி இந்தப் பழமொழியைச் சொன்னதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு தனியாக அந்தப் பெண்ணிடம் சொன்னாராம், கல்யாணமான புதிதில் அடி தாங்காமல் ராத்திரியோடு ராத்திரியாக அம்மா வீட்டுக்கு நடந்து வந்தபோது, "வீட்டுக்கு வீடு வாசப்படிதாம்மா, போயி அனுசரிச்சு இரு" என்று விடிவதற்குள் திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்று. சாவு யாராலும் தடுக்க முடியாதது, அங்கே எல்லாருக்கும் இப்படித்தான் என்பது ஆறுதல். அடி தடுக்கக்கூடியது, அங்கே எல்லாருக்கும் இப்படித்தான் என்பது வாயை அடைப்பது. "கல்லானாலும் கணவன்" வகையறாக்கள் எல்லாம் இந்தக் கணக்கில் வருபவை. பழமொழி எல்லாம் முன்னோர் ஞானம் என்று யாராவது கையெடுத்துக் கும்பிட்டால் எனக்கு அந்த அம்மாவின் முகம்தான் நினைவுக்கு வரும்.

இடையில் ஒரு சின்ன எச்சரிக்கை, பழமொழி சேர்க்க ஆரம்பித்துவிட்டீர்கள் என்பதால். இணையத்தில் ஒவ்வொரு பழமொழிக்கும் ஓர் 'உண்மையான அர்த்தம்' சுற்றிக்கொண்டிருக்கும். "ஆறிலும் சாவு நூறிலும் சாவு" என்பது கர்ணன் சொன்னது, பாண்டவரோடு சேர்ந்தால் ஆறு பேர், கௌரவரோடு சேர்ந்தால் நூறு பேர், எந்தப் பக்கம் போனாலும் சாவு என்று பிரமாதமாக ஒரு கதை. கேட்க நன்றாக இருக்கிறது, பழைய நூல் சான்று ஒன்றைக்கூட யாரும் என்னிடம் காட்டியதில்லை. ஆறு வயதிலும் போகலாம் நூறு வயதிலும் போகலாம் என்ற நேர்ப்பொருளே போதும், அதைச் சொல்லும் கிழவர்களும் அப்படித்தான் சொல்கிறார்கள். நேரான பொருள் வலிப்பதால்தான் இப்படிக் கதை கட்டுகிறோமோ என்று எனக்கு ஒரு சந்தேகம், நிரூபிக்க முடியாது, சந்தேகம்தான்.

சரி, சிரித்துவிட்டீர்கள் என்ற விஷயத்துக்கு வருகிறேன். இதற்குப் பழமொழி எதுவும் என்னிடம் இல்லை, ஒரு ராஜா இருக்கிறார். சேரமான் கோட்டம்பலத்துத் துஞ்சிய மாக்கோதை, மனைவியை ஈமத்தில் வைத்துவிட்டு வந்து பாடியது, புறநானூறு 245. என் துயரம் எவ்வளவு பெரியதாக இருந்தால்தான் என்ன, என் உயிரை எடுக்க அதற்கு வலு இல்லையே, அப்புறம் அதன் அளவு என்ன அளவு, என்று தன்னையே குத்திக்கொள்கிறார். கள்ளி வளர்ந்த களரில், விறகடுக்கின் நெருப்பையே படுக்கையாக்கி அவளைக் கிடத்தியதைச் சொல்கிறார். கடைசி வரி, "மாய்ந்தனள் மடந்தை, இன்னும் வாழ்வல், என் இதன் பண்பே." அவள் போய்விட்டாள், நான் இன்னும் இருக்கிறேன், இது என்ன மாதிரியான குணம்? நீங்கள் அடைப்புக்குறிக்குள் போட்டது இதுதானே, வார்த்தைக்கு வார்த்தை? அவர் பதில் சொல்லவில்லை, கேள்வியோடு நிறுத்திவிட்டார். வகுப்பில் இந்தப் பாட்டை நடத்தும்போதெல்லாம் சில பிள்ளைகள் ஜன்னல் பக்கம் பார்க்கத் தொடங்குவார்கள், யார் வீட்டில் என்ன நடந்தது என்று நான் கேட்டதில்லை. உங்களுக்கு இருக்கும் குற்ற உணர்வு ஒரு குணக்கேடு என்றால், ஏறத்தாழ இரண்டாயிரம் வருஷத்துக்கு முந்தைய ஒரு சேர அரசருக்கும் அதே குணக்கேடு இருந்தது.

என் கதையையும் சொல்லிவிடுகிறேன். அம்மா இறந்தபோது எனக்கு 52 வயது, ஆயிரக்கணக்கில் பழமொழி அட்டைகள் வீட்டில் இருந்தன, ஒன்றுகூட உதவவில்லை. வந்தவர்கள் சொன்ன ஒவ்வொன்றுக்கும் மனசுக்குள் வகைமை எண் போட்டுக்கொண்டிருந்தேன், தொழில் புத்தி. மூன்றாம் நாளோ நாலாம் நாளோ பால் ஊற்றுகிறவர் வந்து, வழக்கமாக ஊற்றும் ஒரு லிட்டருக்கு முக்கால் லிட்டராக அளந்து ஊற்றிவிட்டு என் முகத்தைப் பார்க்காமல், "எங்க வீட்லயும் அப்பத்தா போன பிறகு கொறச்சுட்டோம் சார்" என்றார். அது பழமொழியே கிடையாது, எந்தத் தொகுப்பிலும் ஏறாது. திண்ணையில் உட்கார்ந்துவிட்டேன். அன்றைக்குத்தான் எனக்குத் தோன்றியது, இத்தனை வருஷம் வரிகளைச் சேர்த்தேனே, அந்த வரியைச் சொல்வதற்குள் அந்த ஆள் என்னவெல்லாம் பட்டிருப்பார் என்பதைச் சேர்க்கவில்லையே என்று.

இதெல்லாம் ஓர் எல்லைக்குள்தான் வேலை செய்யும். ஐந்து மாதத்தில் தூக்கம் கெடுவது, திடீரென்று அழுகை வருவது, சிரித்துவிட்டுக் குற்ற உணர்வு வருவது எல்லாம் சாதாரணத்துக்குள் அடங்குபவை. ஆனால் நாளெல்லாம் அந்த நினைப்பு மட்டுமே, வேலையும் சாப்பாடும் ஓடவில்லை என்ற நிலை குறையாமல் நீண்டுகொண்டே போனால் அதற்கு மருத்துவத்தில் தனிப் பெயரே கொடுத்திருக்கிறார்கள், நீடித்த துக்கம் என்று. உலக சுகாதார நிறுவனத்தின் வகைப்பாடு 6 மாதம் என்று கோடு போடுகிறது, அமெரிக்க வகைப்பாடு பெரியவர்களுக்கு 12 மாதம் என்கிறது. வாழ்ந்து என்ன என்ற நினைப்பு வந்தால் எந்தக் கோட்டுக்கும் காத்திருக்காதீர்கள், டெலி மானஸ் என்ற அரசின் மனநல உதவி எண் 14416க்குக் கூப்பிடுங்கள், இலவசம், தமிழில் பேசலாம். அங்கே பழமொழி சொல்ல மாட்டார்கள், சொல்லவும் கூடாது.

போனில் சேர்ப்பதை நிறுத்த வேண்டியதில்லை. ஒன்றை மட்டும் மாற்றிப் பாருங்கள், ஒவ்வொரு வரிக்குக் கீழேயும் யார் சொன்னார்கள், எங்கே, அப்போது நீங்கள் என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று இரண்டு வரி எழுதுங்கள். இணையத்தில் எடுத்ததற்கு எழுத ஒன்றும் இருக்காது, அவை தானாக உதிர்ந்துவிடும். ஆச்சி சொன்னதற்கு நிறைய இருக்கும் என்று நினைத்தேன், ஆனால் உங்கள் கேள்வியில் அவரைப் பற்றி "தூரத்துச் சொந்தம்" என்பதைத் தவிர ஒரு வார்த்தை இல்லை. அந்த வயதில், பஸ் ஏறி, அவ்வளவு பழக்கமில்லாத வீட்டுப் பதினாறுக்கு வந்து, உங்கள் கையைத் தேடிப் பிடித்திருக்கிறார். அடுத்த தடவை ஊருக்குப் போகும்போது கொஞ்சம் பழம் வாங்கிக்கொண்டு அவர் வீட்டுக்குப் போய் உட்காருங்கள். அவர் வாசப்படியைத் தாண்டிப் போனவர் யார் என்று கேளுங்கள்.